லேமினேட் தரைக்கு மேல்பூச்சு எதற்கு?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

மழை தொடங்குவதற்குச் சற்று முன்னதாக, எங்கள் செம்பூர்ப் பகுதிக் குடியிருப்புகளுக்கு வீடு வீடாக வந்து, லேமினேட் தரைக்கு நீர் புகாத மேல்பூச்சு பூசித் தருவதாகச் சொல்பவர்கள் உண்டு. இரண்டு ஆண்டுகளுக்கு முன் நானும் அப்படி வந்த ஒருவரை நம்பிக் கூடம் முழுவதும் பூசச் செய்தேன். சில நாள்கள் பளபளத்தது. பிறகு நாற்காலி உரசும் இடங்களில் வெங்காயத் தோலைப் போல உரிந்தது. ஆகஸ்டு முடிவதற்குள் பால்கனிக் கதவோரப் பலகைகளின் விளிம்புகள் உப்பி எழுந்துவிட்டன.

பூசியவரின் கைத்திறனில் குறை இல்லை. பூச நினைத்ததே தவறு. லேமினேட் என்பது மரத்தரை அன்று. மர நாரைப் பிசினோடு சேர்த்து அழுத்திச் செய்த பலகையின் மேல் மரத்தின் படத்தை அச்சிட்ட காகிதத்தை ஒட்டி, அதற்கும் மேல் அலுமினியம் ஆக்சைடு துகள் கலந்த மெலமைன் படலத்தை ஆலையிலேயே ஏற்றி அனுப்புகிறார்கள். நீரையே எளிதில் உள்ளே விடாத அந்தப் படலத்தில் வார்னிஷுக்கோ மெழுகுக்கோ பிடிமானம் ஏது? தேக்குப் பலகையைப் போல இழைத்துவிட்டுப் பூசலாம் என்றால், இழைக்கும்போது படம் அச்சிட்ட காகிதமே போய்விடும்.

தண்ணீர் இறங்குவது மேற்பரப்பின் வழியாக அல்ல. பலகைகள் சேரும் இணைப்புகளின் வழியாகவும் சுவரோர விளிம்பின் வழியாகவும்தான். உள்ளிருக்கும் நார்ப்பலகை ஒருமுறை ஊறி உப்பிவிட்டால், காய்ந்த பிறகும் பழைய நிலைக்குத் திரும்புவதில்லை. ஆகவே அடைக்க வேண்டியது ஓரங்களையே. ஈரக்காற்றில் விரியவும் கோடையில் சுருங்கவும் தரைக்கு இடம் வேண்டும் என்பதால் சுவரை ஒட்டி 8 முதல் 10 மில்லிமீட்டர் வரை இடைவெளி விடுகிறார்கள். பால்கனி, சமையலறை, குளியலறை வாசல்களில் அந்த இடைவெளிக்குள் மென்மையான நுரைக்கயிற்றை வைத்து, அதன்மேல் வளைந்துகொடுக்கும் சிலிக்கான் சீலன்ட் என்னும் அடைப்புப் பசையால் மூட வேண்டும். பார்வைக்கு ஒழுங்காக இருக்கும் என்று அதைச் சிமென்டாலோ சுவரில் பூசும் பட்டியாலோ அடைத்துவிடும் மேஸ்திரிகளை நான் பார்த்திருக்கிறேன். அப்படிச் செய்தால் விரிய வழியில்லாமல் தரை நடுவில் மேலெழும்பும். சுவரடியில் ஓடும் பட்டையான ஸ்கர்ட்டிங்கையும் சுவரில்தான் அறைய வேண்டும். தரையோடு சேர்த்து அறையக் கூடாது.

இனிமேல் தரை போடப் போகிறவர்கள், பெட்டிகளைப் பிரிக்காமல் அதே அறையில் 48 மணி நேரம் கிடத்தி வைத்துவிட்டு, சிமென்ட் தளத்தின் மேல் 0.2 மில்லிமீட்டர் பாலித்தீன் விரிப்பை ஒன்றன்மேல் ஒன்று 20 சென்டிமீட்டர் ஏறும்படி விரித்து ஒட்டிய பிறகே பலகை போடச் சொல்ல வேண்டும். தரைத்தள வீடுகளில் இதை விட்டுவிடவே கூடாது. இவையெல்லாம் பெட்டிக்குள் இருக்கும் தாளில் பெரும்பாலும் அச்சாகியே இருக்கின்றன. அந்தத் தாள் அட்டைப் பெட்டியோடு குப்பைக்குப் போய்விடுகிறது. அதை வீட்டுக்காரரிடம் கொடுத்துவிட்டுப் போகும்படி ஒப்பந்தக்காரர்களைக் கடைக்காரர்கள் வற்புறுத்தினால் நலமாக இருக்கும்.

நம் வீட்டுப் பழக்கம் ஒன்றையும் சொல்லத்தான் வேண்டும். மொசைக் தரையில் வளர்ந்த நமக்கு, வெள்ளிக்கிழமை வாளித் தண்ணீரை ஊற்றிக் கழுவினால்தான் வீடு துலங்கியதாக மனம் ஒப்பும். லேமினேட்டுக்கு நன்றாகப் பிழிந்த துணி போதும். நீராவி மாப் ஆகவே ஆகாது. பூஜை அலமாரிக்கு முன் மாக்கோலம் போடுபவர்கள் ஒரு மணைப் பலகையில் போட்டுக்கொள்ளலாம். ஜூலையில் சொட்டும் குடையையும் ஈரச் செருப்பையும் வாசலுக்கு வெளியிலேயே விட்டுவிடுவது எந்தப் பூச்சையும்விட நல்ல காப்பு.

வாங்கும்போதே ஒரு பெட்டி கூடுதலாக வாங்கி வைத்துக்கொள்வதும் நல்லது. உப்பிய பலகைகளை மாற்றப் போனபோது அதே நிறம் எனக்குக் கடையில் கிடைக்கவில்லை. பால்கனியோரத்து வரிசை இப்போது வேறு நிறத்தில் இருக்கிறது. அதன்மேல் ஒரு கோரைப்பாயை விரித்து வைத்திருக்கிறேன்.

இங்ஙனம்,
வாசகி ஒருவர்,
செம்பூர், மும்பை.