ஒய்வாவுக்கு விஷம் கொடுத்தது யார்?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழின் ஜப்பானியப் பேய்க்கதைக் கட்டுரையில் ‘அழகு பறிபோன ஆத்திரத்தில் ஆவியாக அலையும் ஒய்வா’ என்றொரு வரி. அவள் கதையைச் சொல்லும், 1825இல் மேடையேறிய யொத்சுயா என்ற ஜப்பானிய நாடகத்தின் கதைச்சுருக்கத்தையாவது கட்டுரையாளர் புரட்டியிருக்கலாம். தங்களுக்குத் தெரியாததா?

புருஷன் இயெமோன் முதலில் கொன்றது அவளுடைய அப்பாவை. கொன்றுவிட்டு, ‘கொலைகாரனை நானே பழிவாங்கித் தருகிறேன்’ என்று சொல்லித்தான் அவளை மறுபடி குடித்தனத்துக்கு அழைத்து வருகிறான். பிள்ளை பெற்று உடம்பு தேறாமல் கிடப்பவளிடம், அடகு வைக்கக் கொசுவலையைப் பிடுங்குகிறான். குழந்தையைக் கொசு பிடுங்குமே என்று அவள் விடாமல் பிடித்துக்கொள்ள, அவன் இழுத்த இழுப்பில் விரல் நகங்கள் பெயர்ந்து வருகின்றன. கணவர் தோக்கியோவில் வேலை பார்த்தபோது இதைக் கபுகி என்னும் ஜப்பானிய மரபு நாடக மேடையில் பார்த்தேன். என்னைச் சுற்றியிருந்த பெண்கள் முகத்தைத் திருப்பிக்கொண்டது அந்த இடத்தில்தான். பேய் வந்தபோது எல்லாரும் நிமிர்ந்து உட்கார்ந்து பார்த்தார்கள்.

பக்கத்து வீட்டார் மருந்தென்று கொடுத்தனுப்பிய விஷப்பொடியை, காகிதத்தில் ஒட்டியதைக்கூட உதறிப் போட்டு, கும்பிட்டுக் குடிக்கிறாள் பாவி. தங்கள் பேத்தியை இயெமோனுக்குக் கட்டிவைக்க அவர்கள் செய்த ஏற்பாடு அது. முகம் கோரமாவதும் சீப்போடு முடி கொத்துக் கொத்தாக வருவதும் அதன் பிறகு. கட்டுரையாளர் கண்ணில் முடி மட்டும் பட்டிருக்கிறது.

கட்டுரைக்குப் போட்ட படம் வேறு! அதிலுள்ள கிணறும் உடைந்த தட்டும் ஒகிக்கு என்ற இன்னொரு பேயின் கதை, ஐயா. வெள்ளை உடுப்பும் விரித்த கூந்தலும் இருந்தால் எல்லாப் பேயும் ஒன்று என்பது தங்கள் ஓவியரின் கொள்கை போலும்.

இதெல்லாம் எனக்குப் புதிதில்லை. மனைவியை எரித்தவன் செய்திக்கு ‘நடத்தையில் சந்தேகம்’ என்று அவன் சொன்னதையே தலைப்பாக்கினீர்கள். வரதட்சணைச் சாவு பற்றிய கட்டுரையைச் சமையல் குறிப்புக்குக் கீழே போட்டீர்கள். அதைக் கேட்டு நான் எழுதிய கடிதத்தில் ‘கட்டுரை அருமை’ என்பதை மட்டும் விட்டுவைத்து மீதியை வெட்டினீர்கள்.

ஒய்வா வேடம் கட்டும் நடிகர்கள் தோக்கியோவின் யொத்சுயா பகுதியில் அவள் பெயரிலுள்ள கோயிலில் கும்பிட்டுவிட்டு மேடையேறுவது வழக்கம். தாங்கள் கும்பிட வேண்டாம். ‘ஒய்வாவுக்கு விஷம் கொடுத்தார்கள், படம் வேறு கதையினுடையது’ என்று அடுத்த இதழில் இரண்டு வரித் திருத்தம் போடுங்கள், போதும். இடம் பற்றாமல் இந்தக் கடிதத்தை வெட்டுவதானால் வணக்கத்தை வெட்டிக்கொள்ளுங்கள், கொசுவலையை விட்டுவிடுங்கள்.

இப்படிக்கு,
பழைய சந்தாதாரர் ஒருத்தி,
திருச்சி