ஜோதிப்புல்

வத்திராயிருப்பு

அன்பு மகள் கயல்விழிக்கு அப்பா எழுதுவது. இங்கு நானும் அம்மாவும் நலம். அங்கு உங்கள் இருவரின் நலத்தையும் அறிய ஆவல்.

நீ அனுப்பிய படம் வந்தது. இருட்டில் ஒரு பெட்டூனியாத் தொட்டி; அதன் மொட்டுகளில் மட்டும் பச்சை ஒளி. கூடவே இரண்டு வரி எழுத உனக்கு மனம் வரவில்லை. அம்மா கண்ணாடியைத் துடைத்துத் துடைத்துப் பார்த்துவிட்டு, அனுப்பியபோது அங்கே மணி என்ன என்று மட்டும் கேட்டாள். கணக்குப் போட்டேன், இரவு இரண்டரை.

அந்தச் செடியைப் பற்றித் தேடிப் படித்தேன். 2024 முதல் அமெரிக்காவில் விற்கிறார்களாம்; அப்போது விலை 29 டாலர். 1986-இல் மின்மினியின் மரபணுவைப் புகையிலைச் செடியில் சேர்த்தபோது, அது ஒளிர்வதற்கான பொருளை வெளியிலிருந்து கொடுக்க வேண்டியிருந்தது. உன் செடிக்கு அது வேண்டாம். ஒளிரும் காளான் ஒன்றின் மரபணுக்களை அதற்குள் வைத்திருக்கிறார்கள்; எல்லாச் செடிகளிலும் இயல்பாக இருக்கும் காஃபிக் அமிலத்தை எடுத்து அது தானே ஒளியாக்கிக்கொள்கிறது. அந்தக் காளானின் பெயர் 'நம்பி' என்று முடிவதைக் கண்டு, திருக்குறுங்குடி நம்பிப் பெருமாள் அங்கேயும் போய்விட்டாரோ என்று சிரித்துக்கொண்டேன். தன்னிடம் உள்ளதைச் செலவழித்தே ஒளிர்வதால் அதற்குப் பகல் வெளிச்சம் நிறைய வேண்டும். பகலில் ஜன்னல் ஓரம் வை. நீயும் நேரத்துக்குச் சாப்பிடு.

இன்னொன்றும் படித்தேன். அந்த ஒளி நிலவொளி போல மிக மங்கலானதாம். விளக்கை அணைத்துவிட்டு, கண் இருட்டுக்குப் பழகும்வரை பல நிமிடம் காத்திருந்தால்தான் தெரியுமாம். அப்படியானால் நீ அவ்வளவு நேரம் இருட்டில் தனியே உட்கார்ந்திருந்திருக்கிறாய். மூன்று ஞாயிறாக, நான் அழைக்கும்போதெல்லாம் மாப்பிள்ளை குளித்துக்கொண்டே இருக்கிறார். குளிர் நாட்டில் அவ்வளவு குளித்தால் உடம்புக்கு ஆகாது என்று சொல்.

நான் எதையும் கேட்கவில்லை. நம் குடும்பத்தில் தாவரவியலில் முனைவர் பட்டம் வாங்கிய முதல் பெண் நீ. உனக்கு நான் சொல்லித்தர என்ன இருக்கிறது? ஆனாலும் ராஜபாளையத்துச் சித்தி பதினோரு வருடம் வாய் திறக்காமல் இருந்தது உனக்கும் தெரியும். தென்னைக்கு மருந்து வைத்தது, கண்மாய் நிறைந்தது எல்லாம் எழுத நினைத்துத்தான் உட்கார்ந்தேன். ஓடவில்லை.

1998 ஆடி அமாவாசைக்கு நான் சதுரகிரி போய்விட்டு வந்து உனக்குச் சொன்ன கதையைத்தான் அந்தப் படத்தில் பார்த்தேன். மாங்கனி ஓடை, வழுக்குப்பாறை, கோரக்கர் குகை எல்லாம் கடந்து, பெரிய பசுக்கிடைக்கு மேலே, மதிமயக்கி வனத்தின் ஓரத்தில் சித்தர்களின் தோட்டம் ஒன்று இருட்டில் எரியாமல் எரிந்தது என்றும், இரவில் ஒளிரும் ஜோதிப்புல்லைக் கண்ணால் கண்டேன், தொட்டால் வழி மறந்துவிடும் என்று தொடாமல் வந்தேன் என்றும் சொன்னேன். ஜோதிப்புல் உண்டென்று தலைமுறை தலைமுறையாகச் சொல்கிறார்கள், அது வேறு. நான் பார்க்கவில்லை, கயல். அந்த ஆண்டு நான் மலையே ஏறவில்லை.

கூமாப்பட்டி நிலத்துப் பேச்சில் அம்மாவோடு சண்டையிட்டு, இனித் திரும்புவதில்லை என்று வீட்டை விட்டுப் போனேன். ஸ்ரீவில்லிபுத்தூர் பேருந்து நிலையத்தில் இரண்டு இரவு படுத்திருந்தேன். மூன்றாம் நாள் வந்தபோது நீ ஓடிவந்து மலையில் என்ன பார்த்தீர்கள் என்று கேட்டாய். அம்மாவின் முகத்தைப் பார்க்க முடியாமல், உன் முகத்தைப் பார்த்தபடி அந்தத் தோட்டத்தைச் செடி செடியாக நட்டேன். மலை ஏறிய கால் எப்படி இருக்கும் என்று அம்மாவுக்குத் தெரியும். என் காலைப் பார்த்தாள். ஒன்றும் சொல்லாமல் சோறு போட்டாள்.

அதைவிடக் கேவலம் அடுத்த வாரம் நடந்தது. நீ அதை வகுப்பில் சொல்ல, பொய் சொல்கிறாய் என்று உன்னைப் பெஞ்சின் மேல் ஏற்றினார்கள். "எங்க அப்பா பார்த்தாரு, அப்பாகிட்டயே கேளுங்க" என்று நீ அழுதது, அடுத்த வகுப்பில் கரும்பலகையில் எழுதிக்கொண்டிருந்த எனக்குத் தெளிவாகக் கேட்டது. நான் எழுதிக்கொண்டே இருந்தேன். மணி அடிக்கும்வரை வெளியே வரவில்லை. நீ தாவரவியல் எடுத்தபோது ஊரெல்லாம் என்னைப் பாராட்டியது. நான் தலையாட்டி வாங்கிக்கொண்டேன்.

இதை அம்மாவிடம் படித்துக் காட்டினேன். "இப்பவாவது சொன்னீங்களே" என்றாள். பிறகு உன் அறையைப் பெருக்கப் போய்விட்டாள்.

சுண்ணாம்பு அடித்தாயிற்று. பொங்கலுக்குத்தான் வர வேண்டும் என்று இல்லை. டிக்கெட் ஒன்றா இரண்டா என்றும் நான் கேட்கப்போவதில்லை. தொட்டியைப் பனியில் வெளியே வைத்துவிடாதே. பகலில் ஜன்னல் ஓரம் வை.

இப்படிக்கு,
அப்பா