சாகுபடிக் கலத்தில் யார் பெயர்?

ஆசிரியருக்கு வணக்கம்.

சென்ற இதழில் காஷ்மீர் பண்டிதர்கள் (பள்ளத்தாக்கின் இந்துக்கள்) பற்றி வந்த கட்டுரை, 'அவர்கள் விட்டுவந்த நிலமும் வீடும் சட்டப் பாதுகாப்பில் அப்படியே இருக்கின்றன' என்கிறது. சட்டம் இருப்பது உண்மை. 'அப்படியே' என்பதுதான் உதைக்கிறது.

1990 ஜனவரிக்குப் பிறகு பள்ளத்தாக்கிலிருந்து துரத்தப்பட்டு ஜம்முவில் முட்டி, மிஷ்ரிவாலா என்ற இடங்களின் முகாம்களில் கிடந்தவர்களில், கைச்செலவுக்கே வழியில்லாமல் வந்த விலைக்குத் தோட்டத்தைத் தள்ளிவிட்டவர்கள் நிறையப் பேர். அதைத் தடுக்கத்தான் 1997-இல் அசையாச் சொத்துப் பாதுகாப்புச் சட்டம் வந்தது. 1989 நவம்பர் 1-க்குப் பின் வெளியேறியவரின் சொத்தை அரசு அனுமதியின்றி விற்க முடியாது. மாவட்ட ஆட்சியரே (டிஸ்ட்ரிக்ட் மாஜிஸ்திரேட்) அதற்குக் காப்பாளர். ஆக்கிரமித்தவர் மேல்முறையீட்டுக்குப் போவதென்றால் முதலில் சொத்தை ஒப்படைத்துவிட்டுத்தான் போக வேண்டும். ஏட்டில் பல்லுள்ள சட்டம்தான். ஆனால் வருவதற்கே ஏழு வருஷம் ஆகிவிட்டது.

கோளாறு பதிவேட்டில் இருக்கிறது. ஜமாபந்தி என்றால் நமக்கு வருடாந்திரக் கணக்குத் தணிக்கை. அங்கே அதுதான் உரிமைப் பதிவேடு. அது போக, நம் அடங்கலைப் போல கிர்தாவரி என்று ஒன்று உண்டு. பட்வாரி என்ற கிராமக் கணக்கர் ஒவ்வொரு பருவத்திலும் வயலைப் பார்த்து, யார் பயிர் செய்கிறார் என்று எழுதுவது. உடையவர் ஊரில் இல்லை. பக்கத்து வயல்காரர் உழுகிறார். சாகுபடிக் கலத்தில், அதாவது பயிர் செய்பவரை எழுதும் பத்தியில், அவர் பெயர் ஏறுகிறது. பத்துப் பருவம் அதே பெயர் நின்றுவிட்டால், 'நான் குத்தகைதாரர்' என்று அவர் வாதாட அதுவே ஆவணம். உரிமைக் கலத்தில் பண்டிதர் பெயர் அழியாமல் இருக்கும், நிலம்தான் இருக்காது.

அடுத்தது இந்திகால், அதாவது உடைமை கைமாறும்போது பதிவேட்டில் செய்யும் பெயர் மாற்றம். உடையவர் முகாமிலேயே இறந்திருப்பார். ஒரு பிள்ளை ஜம்முவில், ஒரு பிள்ளை புணேயில். பெயர் மாற்றாத நிலத்துக்குப் புகார் கொடுத்தால் முதலில் அதைத்தான் கேட்பார்கள். பழைய பதிவேடுகளோ உருதுவில், பாரசீகச் சொற்கள் நிறைந்தவை. முகாமில் வளர்ந்த தலைமுறையில் அதை வாசிக்கத் தெரிந்தவர் குறைவு.

வீட்டின் கதை வேறு. ஆளில்லாத வீட்டில் கதவும் ஜன்னல் சட்டமும் முதலில் போகும், பிறகு கூரைத் தகரம். கூரை போன பின் சுடாத செங்கல் சுவர் பனியில் ஊறிச் சரிய அதிக நாள் ஆகாது. மிஞ்சுவது கருங்கல் அடித்தளமும், யாராவது வெட்டாமல் விட்டிருந்தால் ஒரு வாதுமை மரமும்.

2021 செப்டம்பரில் புகார்களுக்கென்றே இணையதளம் திறந்தார்கள். நல்ல காரியம். ஆனால் எல்லை அளந்து கல் நட உடையவரோ அவர் ஆளோ அந்த ஊருக்குப் போய் நிற்க வேண்டும். ஊரை விட்டுப் போகாமல் இருந்தவர்களில் 1998-இல் வந்தஹாமாவில் 23 பேர், 2003-இல் நாதிமார்க்கில் 24 பேர் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அது பழங்கதை என்பவர்களுக்கு: 2022 மே 12 அன்று சதூராவில் ஒரு பண்டித ஊழியர் சுடப்பட்டது தாசில் அலுவலகத்துக்குள்ளேயே. மேலே சொன்ன பதிவேடுகளுக்காக ஏறி இறங்க வேண்டியதும் அத்தகைய அலுவலகங்களில்தான்.

கட்டுரையில் ஒரு சிறு திருத்தமும் உண்டு. அங்கத்திய நில அளவான கனாலும் நம் ஏக்கரும் ஒன்றல்ல. 20 மார்லா ஒரு கனால், 8 கனால் ஒரு ஏக்கர். நம் கணக்கில் ஒரு கனால் பன்னிரண்டரை சென்ட். நீங்கள் 6 ஏக்கர் என்று அச்சிட்ட தோட்டம் 6 கனால் என்றால், முக்கால் ஏக்கர்தான்.

– ஒரு வாசகர், திருநெல்வேலி