முடித்து வைக்கும் முன் சொல்லிவிடுங்கள்

மாண்புமிகு நீதிபதிகளுக்கு,

வணக்கம். "இந்த மனுவில் இனி விசாரிக்க எதுவும் இல்லை, முடித்து வைக்கப்படுகிறது" என்று நீங்கள் எழுதும் ஒற்றை வரியைப் பற்றித்தான் இந்த மடல்.

மரங்களை வெட்டக் கூடாது என்று ஒருவர் வழக்குப் போடுகிறார். வழக்கு பட்டியலில் ஏறுவதற்குள் மரங்கள் விழுந்துவிடுகின்றன. தேர்வு எழுத அனுமதி கேட்டு ஒரு மாணவி வருகிறார். வாய்தா மேல் வாய்தாவாகப் போய் தேர்வே முடிந்துவிடுகிறது. அப்புறம் அந்த வரி வருகிறது. மனுதாரர் கேட்டது நியாயமா இல்லையா என்பதைக் கடைசிவரை யாரும் சொல்வதில்லை.

விடை சொன்னாலும் நடைமுறையில் எதுவும் மாறாத வெறும் ஏட்டுக் கேள்விகளுக்கு விடை சொல்வது நீதிமன்றத்தின் வேலை இல்லை என்பது சரி. ஆனால் கேள்வியை ஏட்டோடு நிறுத்தியது யார் என்றும் பார்க்க வேண்டும் அல்லவா?

பல நேரங்களில் அரசே அதைச் செய்கிறது. அமெரிக்காவின் வர்ஜீனியா மாநிலத்தில், நீதிமன்ற அபராதத்தைக் கட்ட முடியாதவர்களின் ஓட்டுநர் உரிமத்தை நிறுத்திவைக்கும் சட்டம் இருந்தது. பாதிக்கப்பட்டவர்கள் வழக்குப் போட்டு, 2018-இல் இடைக்காலத் தடையும் வாங்கினார்கள். 2020-இல் சட்டமன்றம் அந்தச் சட்டத்தையே நீக்கியது, வழக்கும் முடிந்தது. அரசிடம் வக்கீல் செலவைக் கேட்டபோது, இறுதித் தீர்ப்பு இல்லாததால் இவர்களை வென்றவர்களாகக் கருத முடியாது என்று 2025-இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. தோற்கப் போகிறோம் என்று தெரிந்ததும் பின்வாங்கிவிட்டால் செலவும் மிச்சம், பாதகமான தீர்ப்பும் இல்லை என்ற வழியை அரசுகளுக்கு இது காட்டிக்கொடுக்கிறது. எனக்கு இது பெரிய அநியாயமாகப் படுகிறது.

சில நேரங்களில் தாமதம் நீதிமன்றத்தினுடையதே. இந்தியாவில் 2016 நவம்பரில் வந்த பணமதிப்பிழப்பை எதிர்த்த மனுக்கள் அந்த டிசம்பரிலேயே உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வுக்கு அனுப்பப்பட்டன. தீர்ப்பு வந்தது 2023 ஜனவரி 2-இல். இனி இது ஏட்டுக் கேள்விதான் என்று அரசுத் தரப்பு வாதிட்டது. அப்படியும் அமர்வு விசாரித்தது. அதற்கு நன்றி சொல்ல வேண்டும். நால்வர் அரசின் முடிவு செல்லும் என்றார்கள். மாறுபட்ட நீதிபதி நாகரத்னா அது சட்டவிரோதம் என்றார். நடந்ததை இனி மாற்ற முடியாது என்பதால் நிவாரணம் தரவில்லை. திருப்பிக் கொடுக்க எதுவும் இல்லாத இடத்திலும் சட்டத்தைச் சொல்ல முடியும் என்பதற்கு நால்வரின் தீர்ப்பும் அவருடைய தீர்ப்பும் சாட்சி.

இதற்கான சட்ட வழியும் புதிதல்ல. கருக்கலைப்பு உரிமை கேட்ட ஒரு வழக்கில், கர்ப்பம் மேல்முறையீட்டுக்காகக் காத்திருக்காது, குழந்தை பிறந்தபின் வழக்கு செத்துவிட்டது என்றால் இந்தக் கேள்வியை எந்த நீதிமன்றமும் ஒருநாளும் தொட முடியாது என்று 1973-இலேயே அமெரிக்க உச்ச நீதிமன்றம் விளக்கியது. அந்தத் தீர்ப்பு தந்த உரிமை 2022-இல் பறிபோனது வேறு விஷயம். மீண்டும் மீண்டும் நடக்கக்கூடியது, ஒவ்வொரு முறையும் விசாரணை முடிவதற்குள் முடிந்துவிடக்கூடியது என்றால் வழக்கைத் தொடர்ந்து விசாரிக்கலாம் என்ற அந்த விதி இன்றும் நிற்கிறது.

எனவே கோப்பை மூடும் முன், இதே செயலை அதே அதிகாரி நாளைக்கே திரும்பச் செய்ய முடியுமா என்று கேளுங்கள். முடியும் என்றால், அது சட்டப்படி சரியா தவறா என்று இரண்டு பத்தியாவது எழுதுங்கள். அரசு பின்வாங்கியதால் முடிந்த வழக்கு என்றால், மனுதாரரின் செலவை அரசே தரட்டும்.

இப்படிக்கு,
வழக்கு முடிந்தும் பதில் கிடைக்காத மனுதாரர்களுக்காக,
ஒரு குடிமகன்