ஸ்வீடனின் லுந்த் நகரில் இருக்கும் மகளுக்கு

அன்புள்ள மகளுக்கு,

இங்கு யாவரும் நலம். லுந்த் மாணவர்கள் போடும் நாடகத்தில் உனக்கு ஒரு வேடம் கிடைத்திருப்பதையும், அதில் நான்கே வரி வசனம் என்பதால் உன் மனம் சற்றுச் சுணங்கியிருப்பதையும் படித்தேன். நீ இப்போது குடியிருக்கும் அதே ஊரில் 1929 ஏப்ரல் 10ஆம் தேதி பிறந்த ஒருவரைப் பற்றி உனக்கு எழுத வேண்டும் என்று அப்போதே தோன்றிவிட்டது.

நடிகர் மேக்ஸ் வான் சிடோ என்றால், தி எக்ஸார்சிஸ்ட் படத்தில் பேயோட்ட வரும் கிழப் பாதிரியார்தானே என்பாய். அந்தப் படம் 1973இல் வெளிவந்தபோது அவருக்கு 44 வயதுதான். முகத்துச் சுருக்கங்கள் ஒப்பனைக் கலைஞர் டிக் ஸ்மித்தின் கைவண்ணம். ஆனால் ஒப்பனையால் தோலைத்தான் கிழமாக்க முடியும். தொடக்கக் காட்சியில் மாத்திரையை எடுக்கும்போது நடுங்கும் அந்த விரல்கள் முழுக்க முழுக்க அவருடைய உழைப்பு. அடுத்த முறை பார்க்கும்போது பேயை விட்டுவிட்டு அந்த விரல்களைப் பார்.

அவருடைய தந்தை கார்ல் வில்ஹெல்ம் வான் சிடோ, நீ படிக்கும் பல்கலைக்கழகத்திலேயே நாட்டார் வழக்காற்றியல் பேராசிரியராக இருந்தவர். ஒரு கதை ஊர்விட்டு ஊர் போகும்போது போன இடத்து மண்ணுக்கேற்ற உருவத்தை எடுத்துக்கொள்கிறது என்று ஆராய்ந்து எழுதியவர். தாய் பள்ளி ஆசிரியை. பெற்றோர் வைத்த பெயர் கார்ல் அடோல்ஃப். படைத்துறைப் பணியில் இருந்த காலத்தில், தெள்ளுப்பூச்சி சர்க்கஸ் ஒன்றின் நட்சத்திரமான பூச்சியின் பெயரைத்தான் அவர் மேக்ஸ் என்று தமக்குச் சூட்டிக்கொண்டார். பள்ளி நாட்களில் மால்மோவில் ஷேக்ஸ்பியர் நாடகம் ஒன்றைப் பார்த்துவிட்டு வந்து, நண்பர்களைச் சேர்த்துத் தாமே ஒரு குழு தொடங்கியதில்தான் அவருடைய நடிப்பு வாழ்க்கை ஆரம்பமாகிறது. உங்கள் குழுவைப் போன்ற ஒன்றுதான் அதுவும்.

1948 முதல் 1951 வரை ஸ்டாக்ஹோமில் அரச நாடக அரங்கின் பள்ளியில் பயின்றார். அதன் பிறகு தலைநகரில் தங்கிவிடாமல், நோர்ஷாப்பிங், லின்ஷாப்பிங், ஹெல்சிங்போரி என்று சிற்றூர் நகராட்சி அரங்குகளில் நான்கு ஆண்டுகள் நடித்துவிட்டு, 1955இல் மால்மோ நகர அரங்கில் சேர்ந்தார். அங்கே இயக்குநராக இருந்தவர் இங்மார் பெர்க்மன். குளிர்காலம் முழுவதும் மேடையில் நாடகம், கோடை வந்ததும் அதே நடிகர்களைக் கூட்டிக்கொண்டு படப்பிடிப்பு என்பது அவருடைய நடைமுறை. பெர்க்மன் படங்களில் ஒருவர் பேசும்போது மற்றவர் கேட்கும் விதத்தில் இருக்கும் அந்த நெருக்கம், ஒரே மேடையில் பல மாதங்கள் சேர்ந்து நின்றதால் வந்தது என்றே நான் நினைக்கிறேன். இருவரும் சேர்ந்து செய்த படங்கள் 11.

1957இல் வெளிவந்த ஏழாவது முத்திரை என்ற பெர்க்மன் படத்தில் மரணத்தோடு சதுரங்கம் ஆடும் வீரனாக வந்து உலகமே திரும்பிப் பார்க்கும் நடிகரானார். அதே ஆண்டு இப்சனின் பேர் கின்ட் நாடகத்தில் தலைமைப் பாத்திரம். அதே ஆண்டு வந்த இன்னொரு பெர்க்மன் படத்தில் அவர் என்னவாக வந்தார் தெரியுமா? பெட்ரோல் பங்க் நடத்துபவராக. சில நிமிடங்கள்தான். வண்டியில் வரும் முதிய மருத்துவரிடம் பணம் வாங்க மறுத்து, பிறக்கப்போகும் பிள்ளைக்கு அவர் பெயரையே வைக்கலாம் என்று மனைவியிடம் சொல்கிறார். அந்த முகத்தில் பொங்கும் நன்றியைக் கண்டுதான், தாம் இங்கேயே இருந்திருக்க வேண்டுமோ என்று முதியவர் முணுமுணுக்கிறார். நான்கு வரி என்று நீ எழுதியதும் என் நினைவுக்கு வந்தது இந்தக் காட்சிதான்.

கல்லூரி நாட்களில் ஒரு திரைப்படச் சங்கத்தில் நான் முதலில் பார்த்தது 1960ஆம் ஆண்டின் கன்னி ஊற்று. தேய்ந்துபோன பிரதி, அடியில் ஓடிய எழுத்துகள் பாதி தெரியவில்லை. மகளைக் கொன்றவர்கள் தன் வீட்டிலேயே படுத்துறங்குகிறார்கள் என்று தந்தைக்குத் தெரிந்துவிடுகிறது. அவர் நேரே வாளைத் தூக்கிக்கொண்டு ஓடவில்லை. வெளியே போகிறார். வெட்டவெளியில் தனியாக நிற்கும் ஓர் இளம் பிர்ச் மரத்தைக் கட்டிப் பிடித்து, முன்னும் பின்னும் ஆட்டி, தம் முழு எடையையும் அதன்மேல் போட்டுச் சாய்க்கிறார். வசனமே இல்லை. ஒரு தந்தையின் அழுகை இப்படியும் இருக்கும் என்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது. பழி தீர்த்த பிறகு தம் இரு கைகளையும் அவர் பார்க்கும் பார்வையை இத்தனை ஆண்டுகள் கழித்தும் என்னால் மறக்க முடியவில்லை.

1965இல் ஹாலிவுட் அவரை இயேசுவாக அழைத்துக்கொண்டது. பிறகு வில்லன், உளவாளி, பேரரசர் என்று எத்தனையோ வேடங்கள். அவற்றில் பல அவருடைய தகுதிக்குக் குறைவானவை. ஆனால் 1987இல் பில்லி ஆகஸ்ட் இயக்கிய வெற்றியாளன் பெல்லேயை நீ கட்டாயம் பார்க்க வேண்டும். மனைவியை இழந்த ஏழை ஸ்வீடன்காரர் லாஸே, சிறு மகனை அழைத்துக்கொண்டு பிழைப்புத் தேடி டென்மார்க்கின் போர்ன்ஹோல்ம் தீவில் இறங்குகிறார். இவர் மிகவும் கிழவர், பையனோ மிகவும் சின்னவன் என்று கூலிக்கு ஆள் எடுக்க வந்தவர்கள் ஒதுக்கிவிட்டுப் போகிறார்கள். மகனை அவமதித்தவனைத் தட்டிக் கேட்கிறேன் என்று வீறாப்பாகப் புறப்பட்டுப் போய், முதலாளியின் ஆள் முன்னால் நின்றதும் அந்த ஆறடி உடம்பு எப்படிக் கூனிக் குறுகிவிடுகிறது என்று பார். கடைசியில் தம்மால் இனி நடக்க முடியாது என்று தந்தை தங்கிவிட, பெல்லே மட்டும் பனியில் தனியே போகிறான். நீ விமானம் ஏறிய வாரம் அந்தப் படத்தை மறுபடியும் போட்டேன். அந்த இடம் வந்ததும் நிறுத்திவிட்டேன். இந்த வேடத்துக்காக அவர் பெயர் ஆஸ்கர் விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டது. இரண்டாவது பரிந்துரை 2011ஆம் ஆண்டுப் படம் ஒன்றில், உள்ளங்கைகளில் ஆம், இல்லை என்று எழுதி வைத்துக்கொண்டு ஒரு சொல்லும் பேசாத முதியவராக நடித்ததற்கு. அப்போது அவருக்கு 82 வயது. அந்த வேடத்தில் நான்கு வரிகூட இல்லை.

கடைசிக் காலத்தைப் பிரான்சில் கழித்தார். 2002இல் அந்நாட்டுக் குடிமகனும் ஆனார். 2020 மார்ச் 8ஆம் தேதி, 91 வயது நிறைய ஒரு மாதம் இருக்கும்போது காலமானார்.

கோடை விடுமுறையில் உன் மாநிலத்தின் வடமேற்குக் கடற்கரையில் இருக்கும் ஹோவ்ஸ் ஹல்லாருக்குப் போய்வா. வீரனும் மரணமும் சதுரங்கத்துக்கு உட்கார்ந்த கற்கரை அதுதான். அதற்கு முன்னால், உன்னுடைய நான்கு வரிகளையும் ஸ்வீடிஷ் மொழியிலேயே பேசிப் பதிவு செய்து அனுப்பு. பொருள் எழுதி அனுப்ப வேண்டாம்.

அன்புடன்,
அம்மா