பார்க்கப் போவது யாருக்காக?

அன்புள்ள ஆசிரியருக்கு,

பிரிந்து வாழும் தம்பதிகளின் கஸ்டடி வழக்குகளை, அதாவது பிள்ளை யாரிடம் வளர்வது என்ற வழக்குகளைப் பற்றி நீங்கள் போட்டிருந்த கட்டுரையைப் படித்தேன். அப்பாக்களின் வருத்தம் இருந்தது, அம்மாக்களின் வருத்தம் இருந்தது, இரண்டு பக்கத்து வக்கீல்களும் பேசியிருந்தார்கள். பிள்ளை மட்டும் ‘மைனர் குழந்தை’ என்று ஓரிரு இடத்தில் தலைகாட்டிவிட்டுப் போய்விட்டது. கன்னங்குறிச்சியில் பல வருடமாக டியூஷன் எடுக்கிறேன், இப்படிப்பட்ட வீட்டுப் பிள்ளைகள் எந்த வருடமும் ஒன்றிரண்டு பேர் என்னிடம் படிப்பார்கள், அதனால்தான் எழுதத் தோன்றியது.

சட்டத்தில் பெரிய குறை இருப்பதாக எனக்குத் தெரியவில்லை. 1890-ல் வந்த கார்டியன் சட்டத்தின் 17-வது பிரிவே, விவரம் தெரிந்த வயதென்றால் பிள்ளையின் விருப்பத்தையும் பார்க்கலாம் என்கிறது. 1956-ஆம் வருடத்து இந்து மைனர் சட்டத்தில் பிள்ளையின் நலன்தான் எல்லாவற்றுக்கும் மேல். பிள்ளைகள் பெற்றோரின் உடைமையும் இல்லை, விளையாட்டுப் பொருளும் இல்லை என்று 1973-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லியாயிற்று. ஆனால் விசிட்டிங், அதாவது பிள்ளை தன்னோடு இல்லாத அப்பாவோ அம்மாவோ வந்து பார்ப்பது என்று வந்ததும் பேச்சு முழுக்க ‘என் உரிமை, உன் உரிமை’ என்றுதான் போகிறது. அம்மாவோடும் அப்பாவோடும் பழகுவது பிள்ளைக்கு உள்ள உரிமை என்பதை 2020-ல் இன்னொரு தீர்ப்பிலும் உச்ச நீதிமன்றம் சொன்னது, ஒருவர் வெளியூரில் இருந்தால் வீடியோ காலிலாவது பேச வழி செய்ய வேண்டும் என்றும் சொன்னது. சரி, வீட்டில் என்ன நடக்கிறது? ஸ்பீக்கரில் போடச் சொல்லி, பக்கத்தில் பாட்டி உட்கார்ந்துகொண்டு, ரெக்கார்டும் ஆகிக்கொண்டிருக்கும்போது ஒன்பது வயதுப் பையன் அப்பாவிடம் என்ன பேசுவான்? ‘சாப்பிட்டேன், ஹோம்வொர்க் முடிச்சேன், வெச்சிடறேன்.’ அவ்வளவுதான். உடனே அந்தப் பக்கம் ‘பிள்ளை மனதைக் கெடுத்துவிட்டாள்’ என்று ஒரு மனு தயாராகும்.

சந்திப்பைக் கோர்ட் வளாகத்தில் வைப்பதுதான் எனக்கு ரொம்ப உறுத்துகிறது. அடிதடி, குடி, கடத்திப்போகிற பயம் என்று இருந்தால் யாராவது ஒருவர் பார்வையில் நடப்பதுதான் பாதுகாப்பு, அதை நான் மறுக்கவில்லை. அப்படி எந்தப் புகாரும் இல்லாத வீட்டுப் பிள்ளை ஏன் போலீஸும் கட்டு கட்டாகக் காகிதமும் நடமாடும் இடத்தில் அப்பாவைப் பார்க்க வேண்டும்? தலைவாசல் பக்கத்துப் பிள்ளை என்றால் பாதி நாள் பஸ்ஸிலேயே போய்விடும். குரும்பப்பட்டி பூங்காவில் மானைப் பார்த்துக்கொண்டு பேசலாம், அண்ணா பூங்கா இருக்கிறது, ஏற்காட்டு ஏரியில் ஒரு படகு சவாரி போகலாம். இரண்டு பேரும் சேர்ந்து கையெழுத்துப் போட்டு கோர்ட்டில் ஒரு மெமோ (எழுத்து மூலமான சின்ன வேண்டுகோள்) கொடுத்தால் இடத்தை மாற்றிக் கேட்க முடியும். பிள்ளைக்காகக்கூட ஒரே பேப்பரில் கையெழுத்துப் போட மனசு வராது என்பதுதான் சிக்கல்.

ஜீவனாம்சம் வரவில்லை என்று பிள்ளையைக் காட்ட மறுப்பதும், காட்டவில்லை என்று ஜீவனாம்சத்தை நிறுத்துவதும் இன்னொரு கூத்து. இரண்டும் வேறு வேறு விஷயம். பணம் வராவிட்டால் அதை வசூலிக்கத் தனியாக மனுப் போட வழி இருக்கிறது, காட்டாவிட்டால் அதற்கும் கோர்ட் இருக்கிறது. பாக்கிக்கு வண்டியைப் பிடித்து வைக்கிற ஃபைனான்ஸ்காரர் மாதிரி பெற்ற பிள்ளையைப் பிடித்து வைக்க வேண்டியதில்லை.

அப்புறம் சிலர், இந்தச் சண்டையே வேண்டாம் என்று ஏற்காட்டில் ஹாஸ்டலில் சேர்த்துவிடுகிறார்கள். நல்ல பள்ளிகள்தான், சில பிள்ளைகளுக்கு அந்த அமைதி ஒத்தும் போகிறது. ஆனால் எந்த ஞாயிறு யார் மலை ஏறுவது, மே மாத லீவில் முதல் பாதி யாரிடம் என்று மறுபடியும் வாய்தா. அந்தப் பிள்ளையிடம் ‘உனக்கு எப்படி வசதி’ என்று கேட்டவர்களை நான் அதிகம் பார்த்ததில்லை.

பலருக்குத் தெரியாத ஒன்றும் உண்டு. கஸ்டடி, விசிட்டிங் உத்தரவு கல்வெட்டு இல்லை. இந்து திருமணச் சட்டத்தின் 26-வது பிரிவில் அதைப் பிறகும் மாற்றிக் கேட்கலாம். மூன்று வயதில் எழுதிய ‘சனிக்கிழமை இரண்டு மணி நேரம்’ என்பதைப் பத்து வயதிலும் பிடித்துக்கொண்டு, கபடி மேட்ச் இருக்கிற பையனைப் பாதியில் இழுத்துப் போகிறார்கள். மாற்றிக் கேட்டால் எதிர்க்கட்சி ஜெயித்துவிடும் என்று பயமாம்!

அடுத்து இதைப் பற்றி எழுதும்போது வக்கீல்களோடு நிறுத்தாமல் குடும்ப நல நீதிமன்றத்தில் மனநல ஆலோசனை சொல்லும் கவுன்சிலர்களையும் பள்ளி ஆசிரியர்களையும் கேளுங்கள். விசிட்டிங் நாட்களைப் பரீட்சை அட்டவணையைப் பார்த்து வைக்க என்ன செய்ய வேண்டும், மெமோ எப்படிப் போட வேண்டும் என்பதையும் சேர்த்துப் போட்டால் நிறையப் பேருக்கு உபயோகமாக இருக்கும்.

இப்படிக்கு,
ஒரு டியூஷன் ஆசிரியை,
கன்னங்குறிச்சி, சேலம்