தனுஷ்கோடியில் எஞ்சிய சுவர்களுக்கு வேலி வேண்டும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். ஆடி அமாவாசைக்கும் தை அமாவாசைக்கும் திருநெல்வேலிச் சீமையிலிருந்து ராமேஸ்வரம் செல்லும் குடும்பங்கள் பலவும், முன்னோருக்குத் தர்ப்பணம் கொடுத்த கையோடு தனுஷ்கோடிக்கும் போய்வருகின்றன. 2017இல் அரிச்சல்முனை வரை சாலை திறக்கப்பட்ட பிறகு இந்தக் கூட்டம் இன்னும் கூடிவிட்டது. அங்கே எஞ்சியிருக்கும் சுவர்கள் படும் பாட்டைக் குறித்தே இக்கடிதம்.

நீராடும் துறையாகத் தனுஷ்கோடியின் புகழ் மிகப் பழையது. காசி யாத்திரை, சேது எனப்படும் இக்கடல்துறையில் நீராடினால்தான் நிறைவு பெறும் என்பதும், சேதுவின் மணலைப் பிரயாகையின் திரிவேணி சங்கமத்தில் கரைப்பதும் வழிவழியாக வந்த நம்பிக்கைகள். ஆனால் பெண்கடல் எனப்படும் பாக் விரிகுடாவுக்கும் ஆண்கடல் எனப்படும் மன்னார் வளைகுடாவுக்கும் நடுவே கிடந்த அந்த மணல்திட்டை ஊராக்கியது தண்டவாளம்தான். அந்தக் கதையில் நம் சீமைக்கும் பங்குண்டு. 1876இல் தூத்துக்குடிக்கு ரயில் வந்தபின் கொழும்பு செல்வோர் அங்கு வந்தே கப்பல் ஏறினர். கொழும்புக் கப்பலுக்கு இணைப்பாகச் சென்னையிலிருந்து விடப்பட்ட போட் மெயில் ரயில் முதலில் ஓடியதும் தூத்துக்குடிக்கே. 1914இல் பாம்பன் பாலம் திறக்கப்பட்டு, தனுஷ்கோடிக்கும் இலங்கையின் தலைமன்னாருக்கும் இடையே கப்பல் விடப்பட்டதும், நெடிய கடற்பயணம் சில மணி நேரமாகச் சுருங்கியது. சென்னையில் எடுத்த ஒரே பயணச்சீட்டில் கொழும்பு வரை போக முடிந்தது. கப்பல்துறையை ஒட்டி ரயில் நிலையம், சுங்க அலுவலகம், அஞ்சலகம், மருத்துவமனை, பள்ளிக்கூடம், கோயில், தேவாலயம் என்று எல்லாம் எழுந்தன.

1964 டிசம்பர் 22 நள்ளிரவையொட்டி வீசிய புயலில் அவ்வளவும் போயின. நிலையத்தை நெருங்கிக் கொண்டிருந்த பாம்பன் - தனுஷ்கோடி பாசஞ்சர் வண்டியைக் கடல் வாரிக்கொண்டதில் நூற்றுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். அரசு, அவ்விடம் மக்கள் வாழத் தகுதியற்றது என அறிவித்தது.

எனினும் ஊர் மீளாமல் போனதற்குப் புயல் ஒன்றையே காரணமாகச் சொல்வது போதாது என்பது என் எண்ணம். அதே புயலில் உடைந்த பாம்பன் பாலத்தை ரயில்வே பொறியாளர்கள் 46 நாட்களில் சீரமைத்தார்கள். ராமேஸ்வரத்துக்கு மறுபடியும் ரயில் ஓடியது. பாம்பனிலிருந்து தனுஷ்கோடிக்குப் பிரிந்த பாதை மட்டும் திரும்பப் போடப்படவே இல்லை. தலைமன்னார்க் கப்பலும் ராமேஸ்வரத்துக்கு மாறியது. இலங்கை, இந்தியப் பிரதமர்கள் 1964இல் செய்துகொண்ட சிறிமாவோ - சாஸ்திரி ஒப்பந்தப்படி இலங்கைத் தோட்டங்களிலிருந்து தாயகம் திரும்பிய நம் மக்களும் ராமேஸ்வரத்திலேயே வந்து இறங்கினார்கள். ரயிலையும் கப்பலையும் நம்பி எழுந்த ஊர், இரண்டும் போனபின் எதைக் கொண்டு மீளும்?

இன்று நிற்பவற்றுள் முக்கியமானது தேவாலயத்தின் இடிந்த சுவர். பவளப் பாறைக் கற்களால் கட்டப்பட்டது அது. துளை துளையாக இருக்கும் அக்கற்களை உப்புக்காற்று ஏற்கெனவே அரித்துக்கொண்டிருக்கிறது. அதன் மேலேயே ஏறி நின்று படம் எடுத்துக்கொள்கிறார்கள். பிள்ளைகளை ஏற்றிவிடும் பெற்றோரையும் பார்த்தேன், மிகவும் வருந்தினேன். பல உயிர்களைப் பலி கொடுத்த இடம் அது என்று தெரிந்திருந்தால் அவர்களே அப்படிச் செய்ய மாட்டார்கள்.

ஆகவே, தேவாலயத்தையும் ரயில் நிலையத்தின் எச்சங்களையும் சுற்றி வேலியிட்டு, காவலர் ஒருவரை நியமித்து, ஊரின் வரலாற்றையும் அந்த வண்டியில் மாண்டவர்களைப் பற்றிய செய்தியையும் தமிழில் பெரிய எழுத்தில் அவ்விடத்திலேயே எழுதி வைக்குமாறு அரசைத் தங்கள் இதழ் வாயிலாகக் கேட்டுக்கொள்கிறேன். தை அமாவாசைக் கூட்டம் வருவதற்குள் வேலியையாவது போட்டுவிட வேண்டும்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
பாளையங்கோட்டை.